போஸ்டர்ல ஆரம்பிச்சு ஓபரா வரைக்கும்: எய்கோ இஷியோகா பத்தி கொஞ்சம் விரிவா

கேள்வி இதுதான்: ஓபராவுக்கும் (வசனத்துக்குப் பதிலா பாட்டாவே நடக்கற மேடை நாடகம்) சினிமாவுக்கும் செட், காஸ்ட்யூம் டிசைன் பண்றவங்களோட கேரியர் எப்படிப் போகும், ஃபேஷன் படிச்சாத்தான் உள்ள வர முடியுமா, ரெண்டு இடத்துலயும் பண்றது ஒரே வேலைதானா. இதுக்குப் பொத்தாம்பொதுவா பதில் எழுதினா யாருக்கும் பிரயோஜனம் இல்ல, அதனால ஒரே ஒருத்தரை வச்சு சொல்றேன். ஜப்பான்காரங்க, பேர் எய்கோ இஷியோகா. 1992ல வந்த டைரக்டர் கொப்போலாவோட டிராகுலா படம் பார்த்திருப்பீங்க, அதுல தோலை உரிச்சா உள்ள தெரியற தசை மாதிரி ஒரு சிவப்புக் கவசத்தைப் போட்டுக்கிட்டு கேரி ஓல்ட்மேன் வருவாரே, அது இவங்க வேலை. அந்தப் படத்துக்குத்தான் ஆஸ்கர் வாங்கினாங்க.

ஏன் இவங்களை எடுத்தேன்னா, இந்தத் துறைக்குன்னு இருக்கற வழக்கமான பாதைல வந்தவங்க இல்ல. வழக்கமான பாதை எதுன்னா இத்தாலிக்காரங்களைப் பாருங்க, அங்க ஓபராவும் சினிமாவும் பக்கத்து வீடு மாதிரி. விஸ்கோன்டி படமும் எடுப்பார், மிலான்ல லா ஸ்காலாங்கற ஓபரா ஹவுஸ்ல பாடகி மரியா காலாஸை வச்சு ஓபராவும் பண்ணுவார், அவரோட காஸ்ட்யூம் டிசைனர் பியேரோ தோஸி, தோஸிகிட்ட அசிஸ்டென்டா இருந்தவங்க கேப்ரியெல்லா பெஸ்குச்சி, அவங்க பின்னாடி ஸ்கோர்செஸி படத்துக்கு ஆஸ்கர் வாங்கினாங்க. ரோம்ல திரெல்லின்னு ஒரு காஸ்ட்யூம் கம்பெனி 1964ல இருந்து இருக்கு, சினிமாவுக்கும் ஓபராவுக்கும் அங்கேயேதான் தைப்பாங்க. ஜெஃபிரெல்லியும் விஸ்கோன்டிகிட்ட கூடமாட வேலை பார்த்து, செட் போட்டு, அப்புறம்தான் டைரக்டர் ஆனார், அவர் நியூயார்க் மெட்ரோபாலிட்டன் ஓபராவுக்கு 1981ல போட்ட லா போயெம் செட் இத்தனை வருஷம் கழிச்சும் அங்க ஓடிக்கிட்டு இருக்கு. அதாவது ஒரு பெரிய ஆளுக்குக் கீழ சேர்ந்து, பத்து வருஷம் துணி சாம்பிள் தூக்கி, அளவெடுத்து, மெல்ல மேல வர்றது. பெரும்பாலானவங்க கேரியர் இப்படித்தான், இன்னைக்கும்.

எய்கோ இதுல எதுவுமே பண்ணல. முதல் படத்துக்கு செட் டிசைன் பண்ணும்போது அவங்களுக்கு வயசு நாற்பத்தஞ்சைத் தாண்டிடுச்சு. அதுக்கு முன்னாடி வரைக்கும் அவங்க விளம்பரத்துல ஆர்ட் டைரக்டர், நம்ம ஊர் சினிமால சொல்ற ஆர்ட் டைரக்டர் இல்ல, போஸ்டரும் பத்திரிகை விளம்பரமும் பண்றவங்க.

1938ல டோக்கியோல பிறந்தாங்க. அப்பாவும் கிராஃபிக் டிசைனர்தான். டோக்கியோ நுண்கலைப் பல்கலைக்கழகத்துல படிச்சுட்டு 1961ல ஷிசெய்டோ கம்பெனி விளம்பரப் பிரிவுல சேர்ந்தாங்க, காஸ்மெடிக்ஸ் கம்பெனி, உங்களுக்கே தெரிஞ்சிருக்கும். அப்ப ஜப்பான்ல ஆபீஸ்ல பொண்ணுங்கன்னா டீ போட்டுக் குடுக்கணும், கல்யாணம் ஆனதும் கிளம்பிடணும், இதான் வழக்கம். இவங்க இன்டர்வியூலயே நான் டிசைனரா வேலை செய்யத்தான் வர்றேன், டீ போட வரல, கூட சேர்ற ஆம்பளைங்களுக்கு என்ன சம்பளமோ அதே சம்பளம் எனக்கும் வேணும்னு சொன்னதா அவங்க வாழ்க்கையைப் பத்தி எழுதறவங்க எல்லாரும் சொல்வாங்க. 1966ல வெயில் காலத்துக்குன்னு ஒரு கேம்பெயின் பண்ணாங்க, அதுவரைக்கும் ஜப்பான் காஸ்மெடிக்ஸ் விளம்பரம்னா வெளேர்னு பொம்மை மாதிரி ஒரு பொண்ணு, இவங்க ஹவாய் கடற்கரைல வெயில்ல கறுத்த உடம்போட ஒரு பொண்ணை நேரா கேமராவை முறைக்க வச்சாங்க. போஸ்டரை ஒட்டின இடத்துலல்லாம் ஜனங்க கிழிச்சு எடுத்துட்டுப் போனாங்கன்னு சொல்வாங்க.

அப்புறம் தனி ஸ்டூடியோ. 70கள்ல பார்கோன்னு ஒரு ஷாப்பிங் காம்ப்ளக்ஸ் செயினுக்கு வரிசையா விளம்பரம் பண்ணாங்க. அதுல ஒண்ணு மட்டும் சொல்லிடறேன், ஏன்னா பின்னாடி வரப்போற எல்லாத்துக்கும் விதை அதுலதான் இருக்கு. 1979, ஹாலிவுட் ஸ்டார் ஃபே டன்னவே, கறுப்பு டிரெஸ், கறுப்பு பேக்கிரவுண்ட், கைல ஒரு அவிச்ச முட்டை. அவங்க அதை நிதானமா உரிக்கறாங்க, சாப்பிடறாங்க. விளம்பரம் அவ்வளவுதான். கடை கிடையாது, சாமான் கிடையாது, விலை கிடையாது. அந்த ஒரு நிமிஷத்துல நாம பார்க்கறது கறுப்புக்கு நடுவுல ஒரு முகம், ரெண்டு கை, வெள்ளையா ஒரு முட்டை. தேவையில்லாததையெல்லாம் அழிச்சுட்டு, மிச்சமிருக்கற ஒண்ணை மறக்க முடியாத மாதிரி பண்றது, இது போஸ்டர்காரங்க புத்தி. செட் டிசைனரா ஆனதுக்கு அப்புறமும் அவங்க யோசிச்சது இப்படித்தான். ஃபேஷன் படிக்கணுமாங்கற கேள்விக்கு என் பதில் இதுலயே பாதி வந்துடுச்சு.

80கள் ஆரம்பத்துல ஜப்பான்ல உச்சத்துல இருக்கும்போதே எல்லாத்தையும் விட்டுட்டு நியூயார்க் பக்கம் போயிட்டாங்க. 1983ல தன் வேலையெல்லாம் தொகுத்து ஒரு புக் போட்டாங்க. அமெரிக்க டைரக்டர் பால் ஷ்ரேடர் அப்ப ஜப்பான் எழுத்தாளர் யுகியோ மிஷிமா வாழ்க்கையைப் படமா எடுக்க ஏற்பாடு பண்ணிட்டு இருந்தார், சினிமா அனுபவமே இல்லாத இவங்களைக் கூப்பிட்டார். 1985ல வந்த அந்தப் படத்தை ஒரு தடவையாவது பாருங்க. மிஷிமாவோட இளமைக் காலம் கறுப்பு வெள்ளைல, 1970ல அவர் செத்த கடைசி நாள் நியூஸ் ரீல் மாதிரி கலர்ல, நடுவுல அவரோட மூணு நாவல்கள்ல இருந்து காட்சிகள், அந்த மூணு நாவல் பகுதிக்குத்தான் எய்கோ செட். ஸ்டூடியோ ஃப்ளோருக்குள்ள போட்ட செட்டுன்னு கொஞ்சமும் மறைக்கல. பொன் கோயில் காட்சில கோயில் ஒரு மாடல் மாதிரி நிக்கும், ஒரு கட்டத்துல நட்ட நடுவுல ரெண்டா பிளந்து உள்ள இருந்து தங்க வெளிச்சம் கொட்டும். இன்னொரு நாவலுக்கு எல்லாமே கண்ணைப் பறிக்கற பிங்க். ஒவ்வொரு நாவலுக்கும் தனி நிறம், அதனால வசனம் வர்றதுக்கு முன்னாடியே நாம எந்தக் கதைக்குள்ள இருக்கோம்னு கண்ணுக்குத் தெரிஞ்சிடும். கான் விழாவுல அந்த வருஷம் ஒளிப்பதிவு ஜான் பெய்லி, இசை ஃபிலிப் கிளாஸ், செட் எய்கோ, மூணு பேருக்கும் சேர்த்து கலைப் பங்களிப்புக்கான பரிசு குடுத்தாங்க. கொடுமை என்னன்னா மிஷிமா பேர் அங்க அவ்வளவு சர்ச்சை, எதிர்ப்பு மிரட்டல்னு படம் ஜப்பான்ல அப்ப ரிலீசே ஆகல.

மேடைக்கு வந்தது 1988ல, நியூயார்க்கோட பெரிய நாடக அரங்குகள் இருக்கற பிராட்வேல, எம். பட்டர்ஃப்ளை நாடகம். இது ஓபரா இல்ல, ஆனா உள்ள பூரா ஓபராதான், புச்சினியோட மடாமா பட்டர்ஃப்ளைங்கற ஓபராவைத் தலைகீழாத் திருப்பிப் போட்ட கதை. ஒரு பிரெஞ்சு தூதரக அதிகாரி சீனாவுல பீக்கிங் ஓபரா பாடகி ஒருத்தரைக் காதலிச்சு வருஷக்கணக்கா கூட வாழ்ந்து, கடைசில அது ஆம்பளை, அதுவும் உளவாளின்னு தெரிய வருது, நிஜமா நடந்த ஒரு கேஸை வச்சு எழுதினது. டைரக்டர் ஜான் டெக்ஸ்டர், அவர் ஏற்கனவே மெட்ரோபாலிட்டன் ஓபராவுல பெரிய பொறுப்புல இருந்தவர். இங்க செட்டும் காஸ்ட்யூமும் ரெண்டுமே எய்கோ. செட்னா மேடையைச் சுத்தி வளைஞ்சு இறங்கற ஒரு பெரிய சரிவுப் பாதை, அவ்வளவுதான், பீக்கிங்கும் பாரிஸும் ஜெயிலும் அதுலயே நடக்கும். காஸ்ட்யூம்ல என்ன விஷயம்னா இந்தக் கதைல டிரெஸ்தான் பொய் சொல்லுது. ஒரு இடத்துல அந்தப் பாடகி ஆடியன்ஸ் கண் முன்னாடியே மேக்கப்பைத் துடைச்சு, கிமோனோவைக் கழட்டி, சூட் போட்ட ஆம்பளையா மாறும். அப்ப அந்த கிமோனோ முதல் பாதில நம்மளை நம்பவும் வைக்கணும், வசதியா கழட்டவும் வரணும், கழட்டினதும் தரைல வெறும் துணியா கிடக்கணும். செட்டுக்கும் காஸ்ட்யூமுக்கும் தனித்தனியா ரெண்டு டோனி (பிராட்வேயோட ஆஸ்கர் மாதிரி) நாமினேஷன் கிடைச்சது அவங்களுக்கு.

இப்ப டிராகுலா. கொப்போலாவுக்கு இவங்களை ஏற்கனவே தெரியும், அவரோட அபோகலிப்ஸ் நவ் படத்துக்கு ஜப்பான்ல வந்த போஸ்டர் இவங்க ஆர்ட் டைரக்‌ஷன்ல வந்தது, அது அவருக்கு ரொம்பப் பிடிச்சிருந்தது. டிராகுலாவை அவர் வெளில எங்கேயும் போகாம ஸ்டூடியோவுக்குள்ளயே எடுக்க முடிவு பண்ணார், செட்டுக்குக் கோடி கோடியா கொட்டாம நிழலும் வெளிச்சமும் போதும், காசை டிரெஸ்ல போடுவோம், டிரெஸ்ஸே செட்டா இருக்கட்டும்னு யோசனை. யோசிச்சுப் பாருங்க, ஒரு டைரக்டர் காஸ்ட்யூம் டிசைனர்கிட்ட இப்படிச் சொன்னா அவங்களுக்கு எப்படி இருக்கும். எல்லா டிசைனரும் வாழ்க்கைல ஒரு தடவையாவது கேக்க ஆசைப்படற வார்த்தை அது, அதே சமயம் சொதப்பினா முழுப் பழியும் தலைல விழும்.

டிராகுலான்னா கறுப்பு கோட்டு, உள்ள சிவப்பு லைனிங் வச்ச கேப், பழைய டிராகுலா நடிகர் பெலா லுகோசி காலத்துல இருந்து அதான். எய்கோ அதைத் தொடவே இல்ல. கோட்டைல கிழவனா வரும்போது தரைல ரத்த ஆறு மாதிரி இழுத்துக்கிட்டே வர்ற நீளமான சிவப்பு அங்கி. இன்னொரு இடத்துல கிளிம்ட் ஓவியத்துல இருந்து எழுந்து வந்த மாதிரி தங்க அங்கி. ஆரம்பத்துல சொன்ன போர்க் கவசம், ஹெல்மெட் ஓநாய்த் தலை மாதிரி. லூசிங்கற பொண்ணைக் கல்யாண டிரெஸ்லயே புதைப்பாங்க, அப்புறம் அவ ரத்தக்காட்டேரியா எழுந்து வர்ற சீன் இருக்குல்ல, அந்த வெள்ளை லேஸ் டிரெஸ்ல கழுத்தைச் சுத்தி ஒரு பெரிய விசிறிக் காலர் இருக்கும் பாருங்க. அது ஆஸ்திரேலியால ஒரு பல்லி இருக்கு, பயந்தாலோ கோபம் வந்தாலோ கழுத்துத் தோலைக் குடை மாதிரி விரிக்கும், அதைப் பார்த்து வரைஞ்சது. பார்க்கறவங்க யாருக்கும் பல்லி ஞாபகம் வராது, ஆனா அவ தலையைத் திருப்பி சீறும்போது உடம்பு சிலிர்க்கும், அழகான மணப்பொண்ணு டிரெஸ்ல ஏதோ ஊர்ற ஜந்து இருக்குன்னு உள்ளுக்குள்ள ஒரு அருவருப்பு. நிறத்துலயும் கவனிங்க, கதாநாயகி மினா படத்தோட முதல் பாதில இலைப் பச்சைல வருவா, டிராகுலாவோட நெருங்கி ஆடற சீனுக்கு வரும்போது சிவப்புக்கு மாறியிருப்பா. இதை யாரும் வசனமா சொல்ல மாட்டாங்க.

சினிமால இதெல்லாம் செய்ய முடிஞ்சதுக்குக் காரணம் ஒண்ணு உண்டு, கேமரா எங்க பார்க்கணும்னு டைரக்டர் கைல இருக்கு. அந்தக் காலர் அழகா தெரியற கோணத்துல ஒரு நிமிஷம் நின்னா போதும், கட் சொன்னதும் கழட்டி வச்சிடலாம். நடிகை அதுல மூச்சு முட்டினாலும் அது சீனுக்கு உதவும்னு எய்கோ நினைக்கற ஆளு. 2000ல தார்செம் சிங் எடுத்த தி செல் படத்துல ஜெனிஃபர் லோபெஸ் கழுத்துல ஒரு கடினமான காலர் மாட்டினாங்க, அவங்க கொஞ்சம் வசதியா பண்ணித் தர முடியுமான்னு கேக்க, முடியாது, நீங்க இந்த சீன்ல சித்திரவதை அனுபவிக்கணும்னு சொல்லிட்டாங்களாம். இந்தக் கதையை எய்கோவே சொல்லி இருக்காங்க, அதனால பெருமையாத்தான் நினைச்சிருக்கணும். எனக்கு இதுல ரெண்டு மனசு. நடிக்கறவங்க உடம்பும் ஒரு உடம்புதானேன்னு தோணும், ஆனா படத்துல அந்த ஷாட்டைப் பார்த்தா அவங்க சொன்னதுலயும் நியாயம் இருக்குன்னு தோணும்.

ஓபராவுல இந்தப் பேச்சே நடக்காது. ஓபராவுல உடம்புதான் வாத்தியம். மைக் கிடையாது, எழுபது எண்பது பேர் வாசிக்கற ஆர்க்கெஸ்ட்ராவைத் தாண்டி குரல் கடைசி வரிசை வரைக்கும் போகணும், அதுக்கு விலா எலும்பு நல்லா விரியணும், தொண்டையை எதுவும் அழுத்தக்கூடாது. தலைக்கவசம் போட்டா காதை மூடக்கூடாது, ஏன்னா ஆர்க்கெஸ்ட்ரா கேக்கலைன்னா ஸ்ருதி போயிடும். கழுத்துப் பட்டை ஒரு இஞ்ச் மேல ஏறினாக்கூட ஃபிட்டிங்லயே பாடகர் நின்னுடுவார், ஒரு ஸ்கேல் பாடிப் பார்த்துட்டு வேணாம்னு சொல்லிடுவார், டிசைனர் எவ்வளவு பெரிய ஆளா இருந்தாலும் அங்க பாடகர் பேச்சுதான்.

அது மட்டும் இல்ல. சினிமா டிரெஸ் அந்தப் படத்தோட முடிஞ்சது, ஷூட்டிங்குக்கு நாலு செட் ஒரே மாதிரி தைப்பாங்க, ஒண்ணு ரத்தம் பட, ஒண்ணு ஸ்டன்ட் ஆளுக்குன்னு, படம் முடிஞ்சா வேலை முடிஞ்சது. ஓபரா டிரெஸ் இருபது வருஷம் வாழணும். இந்த வருஷம் பாடறவர் ஆறடி, அடுத்த தடவை அதே ரோலுக்கு வர்றவர் அஞ்சரை அடி, கொஞ்சம் பருமன். அதனால ஓரத்துல நிறைய துணியை உள்ள விட்டுத் தைப்பாங்க, பின்னாடி பிரிச்சு விட்டுக்கலாம்னு. எந்தப் பெரிய ஓபரா ஹவுஸ் வார்ட்ரோபுக்குப் போனாலும் ஒரு பழைய கோட்டை உள்பக்கம் திருப்பிப் பாருங்க, காலருக்குக் கீழ ஒரு துணிப் பட்டில பாடகர் பேர் எழுதித் தைச்சிருக்கும், அதுக்குக் கீழ அடுத்தவர் பேர், அதுக்குக் கீழ இன்னொருத்தர் பேர், சில கோட்டுல அஞ்சாறு பேர் கூட இருக்கும். வெல்வெட், பிராக்கேட்ல தைச்ச கனமான டிரெஸ்ஸை தினம் துவைக்க முடியாது, லைட்டுக்குக் கீழ மூணு மணி நேரம் பாடினா வியர்வை நாத்தம், அதுக்கு வார்ட்ரோப்காரங்க மலிவான வோட்காவை பாட்டில்ல ஊத்தி ஸ்ப்ரே அடிப்பாங்க, சிரிக்காதீங்க, நிஜமாவே இதான் வழக்கம், ஆல்கஹால் பறக்கும்போது வாடையும் போயிடும். மாத்து டிரெஸ்ஸுக்கு அரை நிமிஷம்தான்னா முன்பக்கம் முப்பது பட்டன் தெரியும், ஆனா அது சும்மா, உள்ள ஜிப்போ பிரஸ் பட்டனோ இருக்கும்.

டைமும் வேற கணக்கு. பெரிய ஓபரா ஹவுஸ்கள் என்ன ஓபரா, யார் பாடகர்னு மூணு நாலு வருஷம் முன்னாடியே புக் பண்ணிடும். டிசைனர் முதல்ல அட்டைல சின்ன மாடல் செஞ்சு காட்டணும், அப்புறம் நிஜ மேடைல மரச்சட்டமும் துணியும் வச்சு அளவு பார்ப்பாங்க, உயரம் சரியா, பால்கனில உக்காந்தவனுக்கு பாடகர் தலை தெரியுதான்னு. அதுக்கப்புறம்தான் டிராயிங்ஸ் ஒர்க்‌ஷாப்புக்குப் போகும். இன்னொரு விஷயம், இன்னைக்கு ராத்திரி ஒரு ஓபரா, நாளைக்கு வேற ஓபரான்னு மாத்தி மாத்தி போடற ஹவுஸ்ல செட்டைத் துண்டு துண்டா கழட்டி லாரில ஏத்தற மாதிரி டிசைன் பண்ணணும். சினிமா செட் மாதிரி ஒரு பக்கம் மட்டும் பெயின்ட் அடிச்சு, எடுத்து முடிச்சதும் உடைச்சுப் போடறது நடக்காது.

எய்கோ இப்படிப்பட்ட உலகத்துல இறங்கினது ஆம்ஸ்டர்டாம்ல, 90கள் கடைசில, அதுவும் எதுலன்னா ஜெர்மன் இசையமைப்பாளர் வாக்னரோட ரிங். நாலு ஓபரா, நாலு ராத்திரி, மொத்தம் கிட்டத்தட்ட பதினஞ்சு மணி நேரம். டைரக்டர் பியேர் ஆடி, செட் ஜார்ஜ் சிபின், ஆர்க்கெஸ்ட்ராவை நடத்தற கண்டக்டர் ஹார்ட்மட் ஹேன்சென், காஸ்ட்யூம் எய்கோ. ரிங்னாலே ஒரு தொல்லை இருக்கு. இறக்கை வச்ச ஹெல்மெட், மார்புக் கவசம், ஈட்டியோட ஒரு குண்டு அம்மா, ஓபரான்னு கார்ட்டூன்ல வரையறது அதான். அது எங்கிருந்து வந்துச்சுன்னா 1876ல ஜெர்மனில பேராய்த்ங்கற ஊர்ல முதல் தடவை ரிங் போட்டப்ப கார்ல் எமில் டோப்ளர்னு ஒருத்தர் பழைய ஜெர்மானிய இனங்களை ஆராய்ச்சி பண்ணி வரைஞ்ச டிரெஸ்ல இருந்து. வாக்னர் மனைவி கோசிமாவுக்கே அது பிடிக்கல. ஆனா அந்தப் பிம்பம் நூறு வருஷத்துக்கு மேல ஒட்டிக்கிச்சு, ரிங் டிசைன் பண்ண வர்ற ஒவ்வொருத்தரும் முதல்ல அந்த ஹெல்மெட்டோட மல்லுக்கட்டணும். சிலர் கதைல வர்ற கடவுள்களுக்கு சூட், டை போட்டு பேங்க் முதலாளி ஆக்கிடுவாங்க. எய்கோ ரெண்டு பக்கமும் போகல, எந்த நாடு எந்தக் காலம்னே சொல்ல முடியாத ஒரு உலகம் பண்ணாங்க, அங்கங்க சாமுராய்க் கவசம் ஞாபகம் வரும், அங்கங்க பூச்சியோட ஓடு ஞாபகம் வரும், டிராகுலா பண்ணவங்க கைன்னு சட்டுனு தெரியும்.

அந்த மேடையும் சாதாரண மேடை இல்ல. ஆர்க்கெஸ்ட்ராவை வழக்கம் போல மேடைக்கு முன்னாடி இருக்கற பள்ளத்துல வைக்காம மேடையோடயே சேர்த்துட்டாங்க, பாடகர்கள் வாசிக்கறவங்களைச் சுத்தி நடந்து வந்து ஆடியன்ஸ் முன்னாடியே நிப்பாங்க, மேடைக்கு மேல உசரத்துல கூட கொஞ்சம் பேருக்கு சீட் போட்டிருந்தாங்க. மேடைல நிஜ நெருப்பு வேற. இதுல காஸ்ட்யூம் டிசைனருக்கு என்ன சிக்கல் பாருங்க. பொதுவா ஓபராவுல முதல் வரிசைக்கே நடுவுல ஒரு பள்ளம் இருக்கறதால தூரம் உண்டு, நுணுக்கமான எம்பிராய்டரி யாருக்கும் தெரியாது, பெரிய உருவம், பெரிய நிறம் இருந்தா போதும். இங்க கடைசி வரிசைக்கும் உருவம் தெரியணும், கைக்கெட்டற தூரத்துல உக்காந்தவனுக்கும் துணி போலியா தெரியக்கூடாது. சினிமா குளோசப்பும் ஓபரா தூரமும் ஒரே டிரெஸ்ல. எனக்குத் தெரிஞ்சு அவங்க கேரியர்லயே கஷ்டமான எக்ஸாம் இதான், டிராகுலா இல்ல. பாடகர்கள் பதினஞ்சு மணி நேரம் பாடியாகணும்ங்கறதால தி செல்ல சொன்ன மாதிரி சித்திரவதை அனுபவிங்கன்னு சொல்லவும் முடியாது, உருவத்தையெல்லாம் தோள்ல, முதுகுல, பாவாடைல ஏத்தி, நெஞ்சையும் தொண்டையையும் விட்டு வச்சாகணும். அந்த ரிங்கை ஆம்ஸ்டர்டாம்ல திரும்பத் திரும்பப் போட்டு 2014ல தான் கடைசியா ஓரங்கட்டினாங்க. அதுக்கு ரெண்டு வருஷம் முன்னாடியே எய்கோ இறந்துட்டாங்க.

நடுவுல மத்த வேலைகளை வேகமா சொல்லிடறேன். ஜாஸ் இசைக்கலைஞர் மைல்ஸ் டேவிஸோட டுட்டு ஆல்பம் அட்டைக்கு கிராமி, போட்டோ இர்விங் பென் எடுத்தது. பாடகி பியோர்க்குக்கு ஒரு மியூசிக் வீடியோ டைரக்ட் பண்ணாங்க. 2002ல சர்க் டு சொலேங்கற சர்க்கஸ் கம்பெனியோட வரெகாய் ஷோ, அங்க ஆளுங்க அந்தரத்துல தொங்குவாங்க, துணி எங்கேயும் மாட்டிக்கக்கூடாது. 2008 பெய்ஜிங் ஒலிம்பிக்ஸ் தொடக்க விழாவுக்கு ஜாங் யிமோவோட சேர்ந்து ஆயிரக்கணக்கான பேருக்கு காஸ்ட்யூம். பிராட்வேல ஸ்பைடர்மேன் மியூசிக்கல், அதுக்கு செட் யாருன்னா ஆம்ஸ்டர்டாம் ரிங்குக்கு செட் போட்ட அதே சிபின். இந்தத் துறைல வேலை இப்படித்தான் வரும், விளம்பரம் பார்த்து அப்ளை பண்ணி வராது, ஒருத்தரோட ஒரு தடவை ஒழுங்கா வேலை செஞ்சா பத்து வருஷம் கழிச்சு அவர் இன்னொரு டைரக்டர்கிட்ட பேரைச் சொல்வார்.

தார்செமோடயும் அப்படித்தான், பஞ்சாப்ல ஜலந்தர்ல பிறந்தவர் அவர், தி செல்லுக்கு அப்புறம் எய்கோ இருந்த வரைக்கும் அவரோட எல்லாப் படத்துக்கும் இவங்கதான். தி ஃபால் படத்துல நிறைய இடம் நம்ம நாடு, ஜோத்பூர் நீல வீடுகள், ராஜஸ்தான் படிக்கிணறு எல்லாம் வரும், செட்டே போடாம நிஜ இடத்துல எய்கோவோட டிரெஸ்ஸை நிறுத்தினா எப்படி இருக்கும்னு அதுல பார்க்கலாம், எனக்கு அவங்க வேலைல ரொம்பப் பிடிச்சது டிராகுலாவை விட இதுதான். இம்மார்ட்டல்ஸ் படம் எனக்கு ஒத்து வரல, தங்கமும் ஹெல்மெட்டும் நிறைஞ்சு கதையே அமுங்கிப் போச்சு. இவங்க மேல இருக்கற பொதுவான குறையும் இதுதான், நடிகரை விட டிரெஸ் அதிகமா நடிக்குதுன்னு. டைரக்டர் பலமானவரா இருந்தா அது பிரச்சனை இல்ல, இல்லைன்னா பிரச்சனைதான். கடைசிப் படம் மிரர் மிரர், ஸ்னோ ஒயிட் கதை, 2012 ஜனவரில கணையப் புற்றுநோய்ல அவங்க இறந்ததுக்கு அப்புறம்தான் ரிலீஸ் ஆச்சு. அதுக்கு அடுத்த வருஷம் ஆஸ்கர் நாமினேஷன் வந்துச்சு, பரிசு அன்னா கரெனினா படத்துக்குப் போயிடுச்சு.

சரி, கேட்டவருக்கு நேரடியா. ஃபேஷன் டிகிரி கட்டாயம் இல்ல, ஆனா வரையத் தெரியணும், கட்டிங் மாஸ்டர்கிட்ட போய் இந்த வளைவு எதுக்குன்னு அவருக்குப் புரியற மாதிரி பேசத் தெரியணும், டிசைனர் வரையறதைத் துணியா மாத்தறது அவர்தான். எய்கோ மாதிரி நாற்பத்தஞ்சு வயசுல நேரா மேல வந்து உக்கார்றதுக்கு இருபது வருஷம் இன்னொரு துறைல பேர் வாங்கியிருக்கணும், அது இல்லைன்னா பெஸ்குச்சி போன பாதைதான், அசிஸ்டென்டா சேருங்க. ஓபரால ஆரம்பிக்கறதா சினிமாலயான்னு குழப்பம்னா ஓபரால ஆரம்பிக்கச் சொல்வேன், உடம்பை மதிக்கக் கத்துக்கிட்டு சினிமாவுக்குப் போறது ஈஸி, திரும்பி வர்றது கஷ்டம். பார்க்கறதுக்கு மிஷிமா முதல்ல, அப்புறம் டிராகுலா, அப்புறம் தி ஃபால். ஆம்ஸ்டர்டாம் ரிங் டிவிடி வந்திருக்கு, கிடைச்சா ரைன்கோல்ட்ல ஆரம்பிங்க, நாலுல அதுதான் சின்னது, ரெண்டரை மணி நேரம், ஆனா நடுவுல இடைவேளை கிடையாது, அதனால சாப்பிட்டுட்டு உக்காருங்க.